ஆளிருக்கத் துண்டு ஏறுமா?

14

முந்தின ராத்திரி காளியண்ணன் போட்ட சத்தம் விடிந்த பிறகும் வீட்டை விட்டுப் போகவில்லை. "நாளைக்கு உச்சிப்பொழுதுக்குள்ள என்ற தம்பி முதக்கொடி ஏறோணும். ஏறலீன்னா அவனுக்கு இந்த ஊட்டுல தனி அடுப்பு!" என்று சொல்லிவிட்டு, சோற்றைப் பாதியில் வைத்து எழுந்து போனார் மனிதர். அந்த எச்சில் தட்டோடுதான் போன வாரம் நாம் பிரிந்தோம்.

அருள்மொழிக்குத் தனி அடுப்பைப் பற்றிப் பயமில்லை. ஞாயிற்றுக்கிழமை மட்டும் நல்லபடியாக முடிந்துவிட்டால் அடுப்பு என்ன, ஊரே தனிதான். பெருந்துறைப் பக்கம் ஒரு மில்லில் புதிதாகப் பேஸ்பால் டீம் சேர்க்கிறார்கள். அவள் புருஷன் அர்த்தனாரிக்கு அதில் இடம் கிடைத்தால் நிரந்தர வேலை, குவார்ட்டர்ஸ், மகளுக்கு டவுன் பள்ளிக்கூடம். முள்ளுக்குறிச்சியில் மிளகு வியாபாரம் பார்க்கும் அஷ்பாக் எல்லாவற்றையும் பேசி வைத்திருந்தான். பழைய மில் டீமில் அர்த்தனாரியோடு சேர்ந்து ஆடி, மூன்று வருஷத்துக்கு முன்பே விலகி வந்தவன் அவன்.

"ஞாயித்துக்கெழம சும்மா பேருக்கு வந்து ஒரு பந்து எறிஞ்சு காட்டிட்டுப் போகட்டும் தங்கச்சி. அவன் கையைப் பத்தி எனக்குத் தெரியாதா? மேனேஜர்கிட்ட என் வார்த்தையைக் குடுத்திருக்கேன்" என்று போன சந்தையன்று சொல்லிவிட்டுப் போயிருந்தான்.

அந்தக் கையைப் பற்றி மலையில் யாருக்கும் புரியவைக்க முடியாமல் அருள்மொழி அலுத்துப்போயிருந்தாள். கல்யாணமான நாளிலிருந்து இதே பாடுதான். "மாப்பிள்ளை என்ன பண்றாரு?" என்பார்கள். "பேஸ்பால் ஆடறாருங்க" என்பாள். "ஓ, கிரிக்கெட்டா?" என்பார்கள். இல்லை, இது வேறே, மட்டை உருண்டையாக இருக்கும், அடித்துவிட்டுச் சுற்றி ஓடிவர வேண்டும் என்று அவள் விளக்கி முடிப்பதற்குள் கேட்டவர் வெற்றிலையே போட்டு முடித்திருப்பார்.

காளியண்ணன் ஒரே ஒரு முறை சேலத்துக்குப் போய்த் தம்பியின் ஆட்டத்தைப் பார்த்துவிட்டு வந்தார். "அத்தன பேரு ஓடியாடி வெளையாடறாங்க. இவன் மட்டும் கடைசி மூலையில மாடு மேய்க்கிறவனாட்டம் நிக்கறான். இதுக்குச் சம்பளம் வேற!" என்றார். அந்தக் கடைசி மூலையிலிருந்து அர்த்தனாரி எறிந்த பந்து தரையில் ஒரே ஒரு குத்துக் குத்தி, முகமூடி போட்டு உட்கார்ந்திருந்த அஷ்பாக்கின் கையுறைக்குள் போய் விழுந்ததையும், ஓடிவந்தவன் பாதி வழியில் வாயைப் பிளந்ததையும் அவர் பார்க்கத்தான் செய்தார். "சாமைக்காட்டுல குருவி ஓட்டறாப்புலதான எறிஞ்சான்?" என்று அதையும் ஒன்றுமில்லாமல் பண்ணிவிட்டார்.

அவர் சொன்னதில் பாதி உண்மை. சாமைக்காட்டில் குருவி ஓட்டிப் பழகிய கைதான் அது. ஆனால் அதற்கு ஒரு மில் சம்பளம் கொடுத்தது. நஷ்டம் என்று போன வருஷம் டீமையே கலைக்கும்வரை கொடுத்தது.

இனி முதக்கொடிக்கு வருவோம். தோட்டத்திலேயே வயசான மிளகுக் கொடியில் வீட்டின் கடைசி ஆண்பிள்ளை ஏறி முதல் கொத்தைப் பறித்துக்கொண்டு இறங்க வேண்டும். ஆண்பிள்ளை இல்லாத வீட்டில் மாப்பிள்ளை ஏறுவார். ஏறியவர் வெறுங்கையோடு இறங்கக் கூடாது. பறித்த கொத்தைக் கீழே போடவும் கூடாது. போட்டால் கொடி காய்ந்துவிடும் என்பார்கள். இது நடக்காமல் வீட்டில் வேறு யாரும் ஒரு மணி மிளகைத் தொட முடியாது.

அர்த்தனாரி மில்லில் இருந்த வருஷங்களில் அவனுடைய துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு காளியண்ணனே ஏறினார். ஆள் ஊரில் இல்லையென்றால் துண்டு ஏறலாம். ஆள் வீட்டிலேயே குத்துக்கல்லாட்டம் உட்கார்ந்திருக்கும்போது துண்டு எப்படி ஏறும்?

இந்த வருஷம் பொங்கல் கழிந்ததும் அர்த்தனாரி காய்ச்சல் என்றான். பிறகு இடுப்புப் பிடிப்பு என்றான். பிறகு நாள் சரியில்லை என்றான். அதற்குள் மிளகு சிவந்து உதிரத் தொடங்கிவிட்டது. மைனாக்களுக்கு முதக்கொடியும் கிடையாது, முறையும் கிடையாது. அவை பாட்டுக்குத் தின்றன.

காலையில் காளியண்ணன் வாசலில் ஒற்றை மூங்கில் ஏணியைக் கிடத்திவிட்டு நின்றார்.

"அவன் எங்க அம்மிணி?"

"பல்லு வெளக்கப் போயிருக்காருங்க மாமா."

"இந்நேரத்துக்கு ஒரு மரத்தையே மென்னு தீத்திருப்பான்."

அவர் மனைவி பொன்னம்மாள் முறத்தைத் தட்டிக்கொண்டே முறத்திடம் சொல்வது போலச் சொன்னாள். "சம்பளம் வாங்கிட்டு வெளையாண்ட ஒடம்பு. மரம் ஏறுனாக் கசங்கிப் போயிருமாட்ட இருக்குது."

அருள்மொழிக்குச் சுருக்கென்றது. பதில் சொல்லலாம் என்றால் எதை வைத்துச் சொல்வது? புருஷன் செய்வது சரி என்று அவளாலும் சொல்ல முடியவில்லை. யார்மேல் கோபப்படுவது என்று தெரியாத கோபம்தான் இருப்பதிலேயே கெட்ட கோபம். அதைத் தூக்கிக்கொண்டு விறுவிறுவென்று மரவள்ளிக் காட்டுக்கு நடந்தாள்.

அர்த்தனாரி பாறைமேல் உட்கார்ந்திருந்தான். கையில் பல்லுக்குச்சிகூட இல்லை.

"ஏனுங்க, அங்க ஒங்கண்ணன் ஏணியோட நிக்கறாரு. இங்க நீங்க காத்து வாங்கறீங்களா?"

"வாரேன் போ."

"எப்ப வருவீங்க? மொளகெல்லாம் மைனா வயித்துக்குப் போனதுக்கப்புறமா?"

அந்த நேரம் பார்த்து வரப்போரத்து வாழையில் ஒரு குரங்கு ஏறித் தாரில் கை வைத்தது. "அட, கல்லை எடுங்க! போட்டுத் தாக்குங்க!" என்று கத்தினாள் அருள்மொழி. அர்த்தனாரி எறிகிறான் என்றால் மூன்று சரிவு தள்ளி இருக்கும் குரங்கே ஓடிவிடும் என்று அவர்கள் ஊர் இருக்கும் பைல் நாடு முழுக்கப் பேச்சு.

அவன் குனிந்து இடது கையால் ஒரு கல்லை எடுத்தான். எறிந்தான். கல் பக்கத்து வரப்பிலேயே விழுந்தது. குரங்கு அதைத் திரும்பிப் பார்த்துவிட்டு நிதானமாகப் பழத்தைப் பிய்த்தது.

அருள்மொழி குரங்கை மறந்துபோனாள்.

"எதுக்கு எடது கையில எறியறீங்க?"

"சும்மாதான்."

சும்மாவா? பழைய மில் குவார்ட்டர்ஸில் இருந்தபோதே இடது கையால்தான் தலை வாரினான். பரண்மேலிருந்த பெட்டியை எடுக்கச் சொன்னால் நாற்காலி போட்டு ஏறி, இடது கையால் எடுத்தான். கேட்டதற்கு, "கோச் சொல்லியிருக்காரு. வலக்கை பந்துக்கு மட்டுந்தான்" என்றான். அவளும் அதை நம்பி, தண்ணீர்க் குழாயடியில் நாலு பேரிடம் பெருமையாகச் சொன்னாள். தம் புருஷன்மார் கைக்கு இப்படி ஒரு மரியாதை இல்லையே என்று அந்தப் பெண்கள் வாயைப் பிளந்தார்கள்.

அவள் சட்டென்று அவன் வலக்கையைப் பிடித்துத் தூக்கினாள். தோள் மட்டத்துக்கு வந்தது. அதற்கு மேல் வரவில்லை. அவன் உதட்டைக் கடித்துக்கொண்டான். நெற்றியில் வேர்த்துவிட்டது.

"என்னாச்சு இந்தக் கைக்கு?"

"ஒண்ணுமில்ல, உடு."

"இன்னைக்குச் சொல்லாம நான் இந்த எடத்தை உட்டு நகர மாட்டேன். எப்ப ஆச்சு?"

அவன் தரையைப் பார்த்துச் சொன்னான். "ரெண்டு தைக்கு முன்னால. உங்கப்பன் ஊட்டுல."

அவளுக்கு எல்லாம் ஞாபகம் வந்தது. மலைமேலேயே திருப்புலி நாட்டில் இருக்கும் அவள் அப்பாவுக்கு ஆண்பிள்ளை கிடையாது. மாப்பிள்ளைதான் முதக்கொடி ஏற வேண்டும். கோப்பை மேட்ச் இருக்கிறது, லீவு கிடைக்காது என்று அர்த்தனாரி மறுத்தான். "எங்கப்பனுக்குப் பையன் இல்லீன்னு ஊரே சிரிக்கட்டும், நீங்க பந்து பொறுக்குங்க" என்று அவள்தான் ஒப்பாரி வைத்து அழைத்து வந்தாள். இறங்கும்போது அவன் கால் வழுக்கியது. ஒரு கணம் தொங்கினான். பிறகு சிரித்துக்கொண்டே இறங்கினான். எல்லோரும் கைதட்டினார்கள். அவளும் தட்டினாள்.

"கொத்தை எடது கையில வெச்சிருந்தேன்" என்றான் அவன். "கீழ போடக் கூடாதில்ல. அதனால மொத்த ஒடம்பும் வலக்கையிலயே தொங்குச்சு. தோளுக்குள்ள என்னமோ அந்துபோன சத்தம் எனக்குக் கேட்டுது."

"ஏன் சொல்லலை?"

"சொல்லியிருந்தா நீ உங்கப்பன் ஊட்டுப் பக்கமே தலைவெச்சுப் படுத்திருக்க மாட்டே."

அருள்மொழிக்கு அழுகை வரவில்லை. ஆத்திரம்தான் வந்தது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறாள். இவன் முழுக் கையையே மறைத்திருக்கிறானே!

"இந்தப் பெரிய மனசெல்லாம் உங்கள ஆரு கேட்டா? அன்னைக்கே சொல்லியிருந்தா ஆஸ்பத்திரிக்குப் போயிருப்போம். நான் ஒருத்தி பைத்தியக்காரியாட்டம் பெருமை பேசிட்டுத் திரிஞ்சிருக்கேன். அப்புறம் எப்படி அத்தன மேட்ச் ஆடுனீங்க?"

"எங்க ஆடுனேன்? கொஞ்ச நாள்ல எதிராளிக்குத் தெரிஞ்சுபோச்சு. முன்னெல்லாம் பந்து எங்கிட்ட வந்தா ஓடறவன் நின்னுருவான். அப்புறம், 'பந்து அர்த்தனாரிகிட்டப் போச்சா, பயப்படாம ஓடு'ன்னு எங்காது கேக்கவே சொல்ல ஆரம்பிச்சாங்க. கடைசி வருஷம் பெஞ்சுலதான் உக்காந்திருந்தேன். டீமைக் கலைச்சப்ப, உண்மையைச் சொன்னா, எனக்கு நிம்மதியா இருந்துச்சு."

இவ்வளவையும் சொந்தப் பெண்டாட்டியிடம் சொல்லாமல் ஒருவன் இரண்டு வருஷம் சாப்பிட்டுத் தூங்கி எழுந்திருக்கிறான். அவளுக்கு அவனைக் கட்டிக்கொள்ள வேண்டும் போலவும் இருந்தது, நாலு சாத்து சாத்த வேண்டும் போலவும் இருந்தது.

"அப்ப ஞாயித்துக்கெழம?"

"ஒரு எறி இருக்குது" என்றான் அவன் தணிந்த குரலில். "அப்பப்ப இங்க வந்து தோளைச் சுத்திச் சுத்திப் பாக்கறேன். பல்லைக் கடிச்சுக்கிட்டு ஒரே ஒரு எறி சரியா எறிஞ்சிருவேன். அதுக்கப்புறம் கை போனாலும் போகட்டும். வேலை கெடைச்சிருமில்ல? இப்ப மரத்துல ஏறித் தொங்குனேன்னா அந்த ஒண்ணும் போயிரும்."

"இதை ஒங்கண்ணன்கிட்டச் சொன்னா என்ன?"

"அவரு வாய்க்குப் போனது சோளக்காட்டுச் சந்தைக்குப் போனாப்புல. சாயங்காலத்துக்குள்ள அஷ்பாக் காதுல உழுந்துரும். வேண்டாம் கண்ணு. ஞாயித்துக்கெழம வரைக்கும் பொறு."

பொறு என்றால்? அதுவரை பொன்னம்மாள் முறத்தைத் தட்ட வேண்டும், காளியண்ணன் கத்த வேண்டும், ஊர் சிரிக்க வேண்டும். அருள்மொழி அவன் தோளிலிருந்த துண்டை உருவினாள்.

"எதுக்கு அது?"

"பேசாம வாங்க."

தோட்டத்தில் பங்காளிகள் நாலைந்து பேர் கூடியிருந்தார்கள். காளியண்ணன் ஏணியை வயசான கொடி படர்ந்த சில்வர் ஓக்கு மரத்தில் சாத்தி, அடியில் கயிறு போட்டுக் கட்டியிருந்தார். தம்பியைக் கண்டதும் முகம் கொஞ்சம் தெளிந்தது. அருள்மொழி துண்டைத் தலையில் முண்டாசாகக் கட்டுவதைப் பார்த்ததும் பழையபடி கறுத்தது.

"என்ன அம்மிணி இது கூத்து?"

"முதக்கொடி ஏறப் போறனுங்க மாமா."

"ஆளிருக்கத் துண்டு ஏறுமா? அதுவும் பொம்பளை!"

"துண்டு ஏறலீங்க. புருசன்ல பாதி பொண்டாட்டின்னு எங்க கண்ணாலத்துல நீங்கதான சொன்னீங்க? அந்தப் பாதி ஏறுது. அவருக்கு ஒடம்புக்கு ஆகலை. ஏறுனா எறங்க மாட்டாரு. அவ்வளவுதான் சொல்லுவேன், மேல கேக்காதீங்க."

"ஒடம்புக்கு என்ன கேடு? திங்கறது செரிக்குதில்ல?"

அவள் சேலையைத் தார் பாய்ச்சிக் கட்டினாள். அப்பா வீட்டில் மகனில்லாத குறைக்கு, சிறுமியாக இருந்த நாளிலிருந்து அத்தனை கொடியும் அவள்தான் ஏறிப் பறித்தாள். முதல் கொடியை மட்டும் தொட விட்டதில்லை. இன்று தொட்டாள். மூங்கில் கணுவில் கால் வைத்து அவள் ஏறிய வேகத்தில் காளியண்ணன் தடுப்பதற்காக நீட்டிய கை காற்றில் நின்றுபோனது.

"எறங்கு அம்மிணி!" என்றார். பிறகு கொஞ்சம் பயந்து, "பாத்து ஏறு!" என்றார்.

மேலே போகப் போகக் காற்று பலமாக இருந்தது. கீழே தலைகள் சிறுத்தன. முதல் கொத்துக்கு இன்னும் இரண்டு கணு ஏற வேண்டும். அப்போதுதான் ஜீப் சத்தம் கேட்டது.

அஷ்பாக்கின் ஜீப். ஞாயிற்றுக்கிழமை அர்த்தனாரியைக் கூட்டிப்போக வரவேண்டியது வியாழக்கிழமையே வந்து நின்றது. முன்சீட்டில் வெள்ளைச் சட்டை போட்ட பெரியவர் ஒருவர் இருந்தார். அஷ்பாக் குதித்து இறங்கியதும் சத்தம் போட்டான். ஆட்டக்காரன் குரல், மரத்து உச்சிக்கே கேட்டது.

"மாப்ளே! மேனேஜர் சார் அறப்பளீஸ்வரர் கோயிலுக்கு வந்தாரு. உன் ஊடு வழியிலதான் இருக்குன்னேன். ஞாயித்துக்கெழம வரைக்கும் எதுக்கு, இப்பவே கையைப் பாத்துட்டுப் போயிரலாம்னாரு! இந்தா, புடி!"

வெள்ளைப் பந்து ஒன்று பறந்து வந்தது. அர்த்தனாரி வெறும் இடது கையால், அசையாமல் நின்ற இடத்திலேயே அதைப் பிடித்தான். பங்காளிகள் 'ஆ' என்றார்கள். அஷ்பாக் ஜீப்பிலிருந்து பழைய கையுறையை எடுத்து மாட்டிக்கொண்டு, ரோட்டோடு பின்னால் ஓடினான். திருப்பத்துக்குப் பக்கம் போய், அந்தக் காலத்தில் உட்காருவது போலவே குத்துக்காலிட்டு உட்கார்ந்தான். கையுறையை விரித்து நெஞ்சுக்கு நேரே காட்டினான்.

"போடுடா! என்ற கைக்குள்ள போடு!"

அர்த்தனாரி பந்தை வலக்கைக்கு மாற்றினான்.

அருள்மொழிக்கு மேலிருந்து எல்லாம் தெரிந்தது. வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும். ஒரு எறி. வேலை, குவார்ட்டர்ஸ், மகளுக்குப் பள்ளிக்கூடம். முறம் தட்டும் சத்தம் இல்லாத ஒரு வீடு. அதற்கப்புறம்? ஒரு எறிக்குச் சம்பளம் தருவார்களா? மறுநாளும் எறி என்பார்கள். அங்கேயும் எவனாவது, 'அர்த்தனாரிகிட்டப் பந்து போச்சா, பயப்படாம ஓடு' என்பான். வார்த்தை கொடுத்த அஷ்பாக் அன்றைக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வான்? சோறு பிசைய, அரிவாள் பிடிக்க இருக்கிற மிச்சக் கையும் போய்விடும். இன்னொரு முறை தன் வீட்டு நன்மைக்காக அந்தக் கை அறுபட, அன்று கீழே நின்று கைதட்டியது போல் இன்று மேலே நின்று அதைப் பார்த்துக்கொண்டிருப்பதா?

அவன் உதட்டைக் கடித்தான். தோள் பின்னால் போனது.

"எறியாதீங்க!"

அவள் குரல் அவளுக்கே அந்நியமாக இருந்தது. எல்லாத் தலையும் அண்ணாந்தது.

"அஷ்பாக் அண்ணா, அவரால எறிய முடியாதுங்க! தோளு போயி ரெண்டு வருசமாச்சு! எங்கப்பன் ஊட்டு முதக்கொடியில ஏறித் தொங்குன கை அது. அழுது ஏத்தி உட்டவ நானு!"

பந்து அர்த்தனாரியின் கையிலிருந்து நழுவி, சரிவில் உருண்டு, ஜீப்பின் சக்கரத்தில் முட்டி நின்றது. அவன் மேலே பார்த்தான். அந்தப் பார்வையை அவள் வாழ்நாளுக்கும் மறக்க மாட்டாள். இரண்டு வருஷமாக அவளிடமிருந்தும் அவளுக்காகவும் காத்து வைத்ததை அவள் ஊர் நடுவில் போட்டு உடைத்துவிட்டாள்.

காளியண்ணன் தலையில் கை வைத்துக்கொண்டு ஏணியடியிலேயே உட்கார்ந்துவிட்டார். "அட சாமி! இதைச் சொல்லித் தொலைக்கறதுக்கு என்னடா? நான் ஒரு கூறுகெட்டவன், கூலிக்காரனைத் திட்டறாப்புல..." என்று முனகினார்.

ஜீப் கதவு திறந்தது. மேனேஜர் இறங்கினார். குனிந்து பந்தை எடுத்தார். அர்த்தனாரிக்கு எதிரே போய் நின்று என்னவோ பேச ஆரம்பித்தார். அஷ்பாக் கையுறையைக் கழற்றிக்கொண்டே ஓடிவந்து இடையில் ஏதோ சொன்னான். அவர் அவனைக் கையமர்த்தினார். காற்றில் மரம் சடசடத்தது. ஒரு வார்த்தை காதில் விழவில்லை.

அருள்மொழி பதறி ஒரு கணு கீழே கால் வைத்தாள்.

"எறங்காதே அம்மிணி!" காளியண்ணன் எழுந்து நின்று கத்தினார். குரலில் கோபம் இல்லை. வீட்டு ஆளிடம் பேசும் குரல் அது. "ஏறுனது ஏறிட்டே. வெறுங்கையோட எறங்கப்படாது. முதக்கொத்தைப் பறி!"

அவள் மறுபடி ஏறினாள். சிவந்த கொத்தைப் பறித்தாள். கீழே மேனேஜர் ஒரு கேள்வி கேட்டார். அர்த்தனாரி மரத்துப் பக்கம் திரும்பிப் பார்க்காமலேயே, மெல்லத் தலையாட்டினான். மேனேஜர் பந்தை அவன் இடது கையில் வைத்துவிட்டு ஜீப்பைக் காட்டினார். அர்த்தனாரி அவர் பின்னாலேயே நடந்து போய் ஏறிக்கொண்டான்.

"ஏனுங்க!" என்று கத்தினாள். அஷ்பாக் ஜீப்பைக் கிளப்பிவிட்டான்.

ஒரு கையில் கொத்து இருந்தது. அதைக் கீழே போடக் கூடாது. இன்னொரு கையால் மரத்தைப் பிடித்துக்கொண்டு, கணு கணுவாக, அவள் இறங்கத் தொடங்கினாள்.

(தொடரும்)